இச்சிகாவா ராய்சோ மேடையை விட்டு ஏன் சினிமாவுக்கு வந்தார்?

மேலட்டூர் வாசகர்:
நண்பர்களுக்கு வணக்கம். ஜப்பானியச் சரித்திரப் பட நடிகர் இச்சிகாவா ராய்சோவின் இரண்டு படங்களை அடுத்தடுத்துப் பார்த்தேன். 'நெமுரி கியோஷிரோ' வரிசையில் வாளை மெல்ல வட்டமாகச் சுழற்றி எதிரியைத் திகைக்க வைக்கும் வீரனும், 1958இல் வெளிவந்த 'என்ஜோ'வில் மழித்த தலையோடு ஒரு சொல்லை வெளியே கொண்டுவரத் திக்கித் தவிக்கும் இளம் துறவியும் ஒரே மனிதர் என்பதைப் பெயர்களைச் சரிபார்த்த பிறகே நம்பினேன். எங்கள் ஊர் பாகவத மேளாவில் தகப்பனார் கட்டிய வேஷத்தை மகன் கட்டுவதைப் பார்த்து வளர்ந்தவன் என்பதால் கேட்கிறேன்: கபுகி என்னும் ஜப்பானிய மரபு நாடகக் குடும்பமொன்றின் பெயரைத் தாங்கியவர் மேடையை ஏன் துறந்தார்?

கும்பகோணம் வாசகர்:
பெயர் குடும்பத்துப் பெயர்தான், ஆனால் அவர் அதில் பிறந்தவர் அல்லர். 1931இல் கியோட்டோவில் பிறந்து, கைக்குழந்தையாக ஒரு கபுகி நடிகருக்குத் தத்துப் போனார்; 15 வயதில் ஒசாகாவில் மேடையேறினார். 1951இல் மூத்த கலைஞர் இச்சிகாவா ஜுகாய் அவரை மீண்டும் தத்தெடுத்த பிறகே, ராய்சோ என்ற மேடைப் பெயரைத் தாங்கும் எட்டாமவர் ஆனார். பெயர் கிடைத்ததே தவிர, பரம்பரையைப் பார்த்து வேடம் பகிரும் அவ்வுலகில் பெரிய வேடங்கள் கிடைக்கவில்லை. 1954இல் டாயேய் நிறுவனத்தின் படங்களில் நடிக்கத் தொடங்கியவர், மறு ஆண்டே இயக்குநர் மிசோகுச்சியின் 'ஷின் ஹெய்கே மோனோகதாரி'யில் தடித்த புருவங்களோடு சரித்திர வீரன் கியோமோரியாக, இளம் வயதுத் தோற்றத்தில் நின்றார். 'என்ஜோ'வுக்கு 1958ஆம் ஆண்டின் சிறந்த நடிகர் விருதுகள் கிடைத்தன. அரிதாரம் இல்லாத அந்த வேடத்தில்தான் மேடைப் பயிற்சி முழுமையாகத் தெரிகிறது என்பது என் கருத்து. தோளும் கழுத்தும் கூடத் திக்குகின்றன.

மயிலாடுதுறை வாசகர்:
மேடையில் இடமில்லாததை மட்டும் காரணமாகச் சொல்வது போதாது என்று நினைக்கிறேன். நம் பக்கத்து பாய்ஸ் கம்பெனிப் பிள்ளைகளைச் சினிமா அழைத்துக்கொண்டதைப் போல, சரித்திரப் படங்கள் குவிந்த அந்த ஆண்டுகளில் கியோட்டோ ஸ்டுடியோக்களும் இளம் கபுகி நடிகர்களைத் தேடின; நகமுரா கின்னோசுகேயும் அதே 1954இல்தான் திரைக்கு வந்தார். ராய்சோவின் முதல் படத்திலேயே அறிமுகமான கட்சு ஷின்டாரோ, ஷாமிசென் என்னும் மூன்று தந்தி வாத்திய இசைக் குடும்பத்தவர். ராய்சோ விரைவில் நட்சத்திரமாக, கட்சுவோ பார்வையற்ற வாள்வீரன் ஜடோயிச்சியாக 1962இல் புகழ்பெறும்வரை காத்திருக்க நேர்ந்தது. ராய்சோவுக்குக் காலம்தான் இல்லை. 15 ஆண்டுகளில் 150க்கும் மேற்பட்ட படங்களில் நடித்துவிட்டு, 1969 ஜூலையில் புற்றுநோயால் 37 வயதில் மறைந்தார். கியோஷிரோவாக அவர் நடித்த பன்னிரண்டாவது படம் அவ்வாண்டு ஜனவரியில்தான் வந்திருந்தது.

மேலட்டூர் வாசகர்:
இருவருக்கும் மனமார்ந்த நன்றி. தோளையும் கழுத்தையும் பற்றிப் படித்தவுடன் 'என்ஜோ'வை மீண்டும் போட்டுப் பார்த்தேன். முதல்முறை அவர் வாயை மட்டுமே பார்த்திருக்கிறேன் என்பது புரிந்தது. இன்றிரவு கியோமோரியைப் பார்க்கிறேன்.