பழைய கிரயப் பத்திரத்தில் "ஷெ", "ஷெயார்" என்று வருகிறதே, என்ன பொருள்?

விருகம்பாக்கம் மருமகள் (கேள்வி):

எல்லோருக்கும் வணக்கம். என் மாமனார் 1964-இல் விருகம்பாக்கத்தில் வாங்கிய மனையில்தான் இன்றும் குடியிருக்கிறோம். மாடி எடுக்க வங்கியில் கடன் கேட்டிருக்கிறோம். மாமனார் வாங்கிய பத்திரத்தையும், அதற்கு முந்தைய 1938-ஆம் வருடத் தாய்ப்பத்திரத்தையும் வங்கி வக்கீல் வாங்கிப் பார்த்தார். 1964 பத்திரத்தில் "2 நபர்" பற்றி விளக்கம் வேண்டும் என்று எழுதி அனுப்பியிருக்கிறார்.

அந்தப் பத்திரம் டைப் அடித்தது. பக்கத்துக்குப் பக்கம் "ஷெ" வருகிறது. பெயர்களை எடுத்துவிட்டு ஒரு பகுதியைத் தருகிறேன்:

"செங்கல்பட்டு ஜில்லா சைதாப்பேட்டை தாலுகா விருகம்பாக்கம் கிராமத்தில் வசிக்கும் காலஞ்சென்ற (இன்னார்) மனைவி (இன்னார்) 1, ஷெயார் குமாரன் மைனர் (இன்னார்) 2, ஷெ 2 நபர் மைனரானதால் ஷெயாருக்காக தாயும் கார்டியனுமான ஷெ 1 நபர் சேர்ந்து ஷெ ஜில்லா ஷெ தாலுகா ஷெ கிராமத்தில் வசிக்கும்..."

இதற்குப் பிறகு மாமனார் பெயர் வருகிறது. கடைசியில் சொத்து விவரத்தில் "கிணறு 1, ஷெ கிணற்றில் பாதி பாத்தியம்" என்று இருக்கிறது.

வீட்டில் ஆளுக்கொரு அர்த்தம் சொல்கிறார்கள். என் கணவர் அது ஷெட்யூல் என்பதன் சுருக்கம் என்கிறார். மாமியார் அதை யாருடைய இனிஷியலோ என்று நினைக்கிறார். நாத்தனார் வீட்டுக்காரர் சொல்வதுதான் எனக்குக் கவலையாக இருக்கிறது. ஷெ என்றால் ஷேர், "ஷெ 2 நபர்" என்றால் இரண்டாவது பங்குதாரர், அவருடைய பங்கு இன்னும் நிற்கிறது என்கிறார். இதைக் கேட்டதிலிருந்து மாமியாருக்குத் தூக்கம் இல்லை.

1938 பத்திரம் கையெழுத்து. அதில் ஷெ எங்கேயும் இல்லை. அதற்குப் பதில் முடிச்சுப் போட்ட மாதிரி ஒரு குறி அடிக்கடி வருகிறது. அதுவும் இதுவும் ஒன்றுதானா? தெரிந்தவர்கள் தயவுசெய்து சொல்லுங்கள்.

பத்திர எழுத்தர், சைதாப்பேட்டை (ஓய்வு):

அம்மா, மாமியாரிடம் முதலில் ஒன்று சொல்லிவிடுங்கள். ஷெ என்றால் பங்கு இல்லை. ஷெ என்றால் "மேற்படி". ஷெயார் என்றால் மேற்படியார், அதாவது மேலே சொன்ன ஆள். படிக்கும்போது வாயால் "மேற்படி" என்றே படிக்க வேண்டும். நான் தொழில் பழகிய இடத்தில் யாராவது ஷெ என்று வாய்விட்டுப் படித்தால் பெரியவர் நிறுத்தி, மறுபடி முதலிலிருந்து படிக்கச் சொல்வார்.

1938 பத்திரத்தில் நீங்கள் பார்த்த முடிச்சுக் குறி ௸. மேற்படி என்று முழுதாக எழுதாமல் ஒரே இழுப்பில் போடும் குறி அது. கையால் எழுதும் காலத்தில் அதில் சிரமம் ஒன்றும் இல்லை. டைப் மெஷின் வந்தபோது, நான் பழகிய மெஷினில் அதற்குத் தனிச் சாவி கிடையாது. குறியின் உருவம் பார்வைக்கு ஷ மாதிரி இருப்பதால் ஷெ என்று அடித்தார்கள். சிலர் ஷை என்றும் அடிப்பார்கள். இரண்டு பத்திரத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். சொத்து விவரத்தை 1938-லிருந்து எடுத்து 1964-இல் எழுதியிருந்தால், அங்கே ௸ இருக்கும் இடத்தில் இங்கே ஷெ இருக்கும்.

ஷேர் இல்லை என்பதற்கு உங்கள் பத்திரமே சாட்சி. "ஷெ ஜில்லா ஷெ தாலுகா ஷெ கிராமத்தில்" என்று இருக்கிறதே, ஜில்லாவில் யாருக்குப் பங்கு? செங்கல்பட்டு ஜில்லா, சைதாப்பேட்டை தாலுகா, விருகம்பாக்கம் கிராமம் என்று மேலே ஒரு தடவை எழுதியாயிற்று. உங்கள் மாமனாரும் அதே ஊரில் குடியிருந்ததால் திரும்ப எழுதாமல் ஷெ போட்டிருக்கிறார்கள். பங்கைச் சொல்ல வேண்டுமென்றால் பாகம், பாத்தியம் என்றுதான் அப்போது எழுதுவார்கள். கிணற்று வரியிலேயே "பாதி பாத்தியம்" என்று பளிச்சென்று இருக்கிறது. "ஷெ கிணற்றில்" என்றால் மேலே சொன்ன கிணற்றில், அவ்வளவுதான். அந்தக் கிணறு அடுத்த மனையோடு பொதுவாக இருந்திருக்கும். செக்குபந்தியில், அதாவது நான்கு பக்க எல்லை விவரத்தில், கிணறு எந்த எல்லையில் வருகிறது என்று பாருங்கள், தெரிந்துவிடும்.

ஷெட்யூலும் இல்லை. சொத்து விவரத்துக்குத் தமிழ்ப் பத்திரத்தில் அந்த வார்த்தை வந்தால் முழுதாகத்தான் வரும். "ஷெ ஷெட்யூல் சொத்து" என்று இரண்டும் சேர்ந்து வரும் பத்திரங்கள் உண்டு.

சரி, இப்போது முக்கியமான விஷயத்துக்கு வருகிறேன். ஒரு ஷெ எதைக் குறிக்கிறது என்பதை ஒவ்வொரு இடத்திலும் தனியாகப் பார்க்க வேண்டும். பக்கத்தில் முந்தி வந்த பெயரையோ இடத்தையோ குறிக்கும் என்பது பொது வழக்கம். எழுதுகிறவர் கவனமானவராக இருந்தால் ஷெ 1 நபர், ஷெ 2 நபர் என்று எண் போட்டுவிடுவார். உங்கள் பத்திரத்தை எழுதியவர் அப்படித்தான் செய்திருக்கிறார். அந்த வரியை விரித்துப் படித்தால் இப்படி வரும்: "மேற்படி இரண்டாம் நபர் மைனர் ஆனதால், மேற்படியாருக்காக, அவருடைய தாயும் கார்டியனுமான மேற்படி முதல் நபர் சேர்ந்து". அதாவது கணவனை இழந்த ஒரு அம்மா, தனக்காகவும் தன் மைனர் பையனுக்காகவும் மனையை உங்கள் மாமனாருக்கு விற்றிருக்கிறார். முதலில் வரும் "ஷெயார் குமாரன்" இறந்துபோனவரையும் குறிக்கலாம், அந்த அம்மாவையும் குறிக்கலாம். "தாயும் கார்டியனுமான" என்று பின்னால் வருவதால் இரண்டும் ஒரே பையன்தான் என்று ஆகிறது. அந்த ஒரு வார்த்தையை விட்டிருந்தால், மூத்த தாரத்துப் பையனோ என்ற கேள்வி வந்திருக்கும்.

வக்கீல் விளக்கம் கேட்பது பங்குக்காக இல்லை, மைனர் என்பதற்காக. 1956-ஆம் வருட இந்து மைனர், கார்டியன் சட்டத்தின் 8-வது பிரிவுப்படி, இயற்கைக் கார்டியன் மைனருடைய அசையாச் சொத்தை விற்பதற்கு முன்னால் கோர்ட் அனுமதி வாங்க வேண்டும். வாங்காமல் விற்றால் அந்த விற்பனை தானாகச் செல்லாமல் போகாது. மைனர் மேஜரான பிறகு வழக்குப் போட்டு ரத்து செய்யக் கேட்கலாம். அதற்குக் கெடு 3 வருடம். அதனால் இரண்டைப் பாருங்கள். கோர்ட் உத்தரவு எண், வருடம் ஏதாவது பத்திரத்தில் சொல்லியிருக்கிறதா? மைனருக்கு அப்போது என்ன வயது?

பத்திரத்தில் "ஓ.எஸ். நெ." என்று எங்காவது வந்தால் அதையும் கவனியுங்கள். எண்ணுக்குப் பின்னால் கோடு போட்டு வருடம் இருந்தால் அது சிவில் கோர்ட் வழக்கு எண். வருடம் இல்லாமல் ஆர்.எஸ்., சி.சி. ஆகியவற்றோடு சேர்ந்து வந்தால் அது பழைய சர்வே எண். ஆர்.எஸ். என்பது ரீசர்வே, சி.சி. என்பது கலெக்டர் சர்டிபிகேட். புரசைவாக்கம், மயிலாப்பூர் மாதிரி பட்டணத்துக்குள் இருக்கும் சொத்துகளில் இந்த மூன்றும் வரிசையாக வரும். நிலத்தின் பழைய எண்ணை வழக்கு எண் என்று எடுத்துக்கொண்டு கோர்ட்டில் போய்த் தேடியவர்களை நான் பார்த்திருக்கிறேன்.

கொத்தவால்சாவடிக்காரர் மகள்:

௸ எங்கள் வீட்டிலும் உண்டு, ஆனால் பத்திரத்தில் இல்லை. அப்பா கொத்தவால்சாவடியில் கமிஷன் மண்டி வைத்திருந்தார். 1996-இல் மார்க்கெட் கோயம்பேட்டுக்குப் போனபோது கடையை விட்டார், பேரேடுகளை மட்டும் வீட்டுக்குக் கொண்டுவந்தார். அதில் இந்தக் குறி வரிக்கு வரி வரும். மேலே ஒரு தடவை ஆள் பெயர் எழுதியிருக்கும். கீழே அதே ஆளுக்கு வெங்காயம், பூண்டு, சாக்கு என்று தனித்தனி வரி. பெயர் வரவேண்டிய இடத்தில் எல்லாம் ௸. புதுப் பக்கம் ஆரம்பித்தால் மட்டும் அப்பா பெயரை மறுபடி முழுதாக எழுதுவார். தாள் தனியாகக் கழன்று போனாலும் கணக்கு யாருடையது என்று தெரிய வேண்டுமாம். எனக்கு அந்தப் பழக்கம் மிகவும் பிடிக்கும்.

அதே பேரேட்டில் வரவுக்கு ௷, பற்றுக்கு ௶, ரூபாய்க்கு ௹ என்று போட்டிருப்பார். தேதி எழுதும்போது வருடத்துக்கு ௵, மாதத்துக்கு ௴, நாளுக்கு ௳. உங்கள் 1938 பத்திரத்தின் தலைப்பு வரியில் இந்த மூன்றும் இருக்கும், பாருங்கள். பக்கத்தில் தமிழ் வருடப் பெயரும் இருந்தால் அது பெரிய உதவி. ஏப்ரல் நடுவிலிருந்து 1938 என்பது வெகுதானிய வருஷம். மை கரைந்து எண் சரியாகத் தெரியாவிட்டாலும் வெகுதானிய என்பது படிக்க வந்தால் போதும். அறுபது வருடத்துக்கு ஒரு முறைதான் அந்தப் பெயர் திரும்பும். 1878 அல்லது 1938 அல்லது 1998, இடையில் வேறு கிடையாது.

விருகம்பாக்கம் மருமகள்:

ஐயா, அக்கா, இருவருக்கும் ரொம்ப நன்றி. மாமியாரிடம் "மேற்படி" என்று வரி வரியாகப் படித்துக் காட்டினேன். அவருக்கு உடனே ஞாபகம் வந்துவிட்டது. பையனோடு வந்து கையெழுத்துப் போட்ட அம்மாவை அவர் பார்த்திருக்கிறாராம்.

பத்திரத்தில் மைனருக்குச் "சுமார் 9 வயது" என்று இருக்கிறது. கோர்ட் உத்தரவு பற்றி எதுவும் இல்லை. "மைனரின் படிப்புச் செலவுக்காகவும், காலஞ்சென்ற தகப்பனார் பட்ட கடனைத் தீர்ப்பதற்காகவும்" விற்பதாக எழுதியிருக்கிறது. தலைப்பில் வெகுதானிய௵ ஆனி௴ என்பதும் தெளிவாகத் தெரிகிறது.

இன்னொன்று. வங்கியில் இரண்டு பத்திரத்துக்கும் புதிதாக டைப் செய்த நகல் கேட்கிறார்கள். ௸ வரும் இடத்தில் மேற்படி என்று அடிக்கலாமா? அல்லது நேராகப் பெயரையே போட்டுவிடலாமா?

டிடிபி வேலை, திருவல்லிக்கேணி:

௸ இப்போது கம்ப்யூட்டரில் இருக்கிறது. யூனிகோடில் 2003-இல் சேர்த்தார்கள். ௳ ௴ ௵ எல்லாமும் அப்போது வந்தவைதான். வேர்டில் சிம்பல் பட்டியலைத் திறந்து தமிழ்ப் பகுதியின் கடைசிக்குப் போனால் வரிசையாக இருக்கும். எல்லா ஃபான்ட்டிலும் வராது. கட்டம் மட்டும் தெரிந்தால் ஃபான்ட்டை மாற்றுங்கள். வங்கிக்கு வேர்டு ஃபைலாக அனுப்பாதீர்கள், பிடிஎஃப் ஆக்கி அனுப்புங்கள். அவர்கள் மெஷினில் கட்டமாக மாறிவிட்டால் மறுபடி கேள்வி வரும். ஸ்கேன் செய்து எழுத்தாக மாற்றும் மென்பொருளை நம்ப வேண்டாம். இந்தக் குறியை அது வேறு ஏதோ எழுத்தாக மாற்றிவிடுகிறது.

பத்திர எழுத்தர், சைதாப்பேட்டை (ஓய்வு):

வயது 9 என்றால் 1973 வாக்கில் 18 முடிந்திருக்கும். அதிலிருந்து 3 வருடம் என்றால் 1976. கோர்ட் ஒருவரைக் கார்டியனாக நியமித்திருந்தால் அந்தக் காலத்தில் மேஜராகும் வயது 21. அப்படியே வைத்துக்கொண்டாலும் 1979-ஐத் தாண்டாது. அம்மா இயற்கைக் கார்டியனாகக் கையெழுத்துப் போட்டிருப்பதால் அதுவும் தேவைப்படாது. படிப்பு, தகப்பனார் கடன் என்று காரணம் எழுதியிருப்பதும் உங்களுக்கு நல்லதுதான். இந்த வயதுக் கணக்கையும், 1964 முதல் வில்லங்கச் சான்றில் அந்தக் குடும்பத்தார் பெயரில் எந்தப் பதிவும் இல்லை என்பதையும் சேர்த்து வக்கீலுக்கு எழுதிக் கொடுங்கள். அது கூட்டுக்குடும்பத்தில் பிரிக்காத சொத்தாக இருந்தால் சட்டம் பார்க்கும் விதம் வேறு. அதை வக்கீல்தான் தாய்ப்பத்திரத்தைப் படித்துச் சொல்ல வேண்டும்.

நகல் விஷயத்தில் தயவுசெய்து கை வைக்காதீர்கள். நகல் என்றால் நகல்தான். ௸ இருந்தால் ௸, ஷெ இருந்தால் ஷெ. நீங்கள் பெயரைப் போட்டால் அது உங்கள் வியாக்கியானம் ஆகிவிடும். அசலோடு ஒத்துப் பார்க்கிறவர் அந்த இடத்தில் நிறுத்திவிடுவார். வேண்டுமானால் தனித்தாளில் "படிக்கும் விதம்" என்று தலைப்புப் போட்டு, எந்தப் பக்கம், எத்தனையாவது வரி, அந்த ஷெ யாரைக் குறிக்கிறது என்று எழுதி இணையுங்கள். எல்லாவற்றுக்கும் எழுத வேண்டாம். ஆள் வரும் இடங்களுக்கும் அந்தக் கிணற்று வரிக்கும் எழுதினால் போதும். அசல் எங்காவது மங்கியிருந்தால், சார்பதிவாளர் அலுவலகத்தில் "1 புத்தகம்" என்ற பதிவேட்டிலிருந்து சான்றிட்ட நகலுக்கு மனுப் போடுங்கள். பத்திரத்தின் பின்பக்க முத்திரையில் ஆவண எண், வருடம், தொகுதி, பக்கம் எல்லாம் இருக்கும். மனுவில் அதை அப்படியே எழுதுங்கள்.