பிரிட்டன் சிறைகளுக்குள் போய் வந்தவர்கள்: இன்னும் மனதை விட்டுப் போகாத ஒரு சம்பவம்?

இல்ஃபோர்ட் வாசுகி

தம்பிக்குத் தீர்ப்பு வந்து, வேறு இடத்துக்கு மாற்றாமல் லண்டனிலேயே ஒரு பழைய பி பிரிவு மறியலில் (சிறையில்) வைத்திருந்த நேரம். இங்கே சிறைகளுக்கும் கைதிகளுக்கும் ஏ, பி, சி, டி என்று பாதுகாப்புப் பிரிவு போடுவார்கள். விசிட் போனவர்களுக்குத் தெரியும், பையை லாக்கரில் பூட்டி, பாஸ்போர்ட் காட்டி, விரல் வைத்து, சப்பாத்துக் கழற்றி, பிறகு அந்த மோப்ப நாய். அதெல்லாம் பிரச்சினை இல்லாமல் முடிந்தது. கடைசியாக ஒரு பெண் அதிகாரி அம்மாவைத் தட்டிப் பார்க்கும்போது இடுப்பில் செருகியிருந்த சின்னக் கடதாசி மடிப்பு கையில் அகப்பட்டது. திருநீறு. வெள்ளிக்கிழமை கோயிலில் ஐயர் கொடுத்ததை, மகனின் நெற்றியில் பூசிவிட என்று எங்கள் ஒருவருக்கும் சொல்லாமல் கொண்டுவந்திருக்கிறா.

மடித்த கடதாசிக்குள் தூள். அந்த இடத்தில் அது என்னவாகத் தெரியும் என்று நான் சொல்லத் தேவையில்லை. அந்தப் பெண் இன்னொருவரைக் கூப்பிட, அவர் கையுறை போட்டுக்கொண்டு வந்தார். அம்மாவுக்கு ஆங்கிலம் வராது. தன் நெற்றியைத் தொட்டுக் காட்டினா, அவர்களுக்கு விளங்கவில்லை என்றதும் ஒரு கிள்ளு எடுத்து வாயில் போட்டுக் காட்டக் கையை நீட்டினா, நான் பாய்ந்து பிடித்துவிட்டேன்.

யாரும் கத்தவில்லை, மரியாதையாகத்தான் நடந்தார்கள். ஆனால் அன்றைக்குக் கண்ணாடிக்கு இந்தப் பக்கம் இருந்துதான் பார்க்கலாம் என்றார்கள். அம்மா வெறும் விரலால் கண்ணாடியில் மூன்று குறி இழுத்தா, தம்பி தலையைக் குனிந்து சரியாக அந்த இடத்தில் நெற்றியை வைத்தான். எனக்கு இன்றைக்கும் விளங்காத விஷயம், காசு வழக்கில் உள்ளே போனவனுக்கு எதற்கு பி? சொந்தக்காரர் ஒருவர் "பி என்றால் பெரிய கேஸ்தானே" என்று அம்மாவிடமே கேட்டுவிட்டார்.

தாமரை, ஹரோ

வாசுகி அக்கா, அப்படிக் கேட்டவருக்கு இதைக் காட்டுங்கள். அந்த எழுத்து குற்றத்துக்குப் போடும் மார்க் இல்லை. ஆள் தப்பி ஓடுவாரா, ஓடினால் வெளியே இருப்பவர்களுக்கு எவ்வளவு ஆபத்து, இதைப் பார்த்துத்தான் முக்கியமாகப் போடுகிறார்கள். ஓடவே விடக்கூடாது என்றால் ஏ, திறந்த சிறையிலும் நம்பி விடலாம் என்றால் டி, நடுவில் பியும் சியும். கோர்ட்டிலிருந்து நேரே ஆட்களை எடுக்கும் உள்ளூர்ச் சிறைகள் பெரும்பாலும் பி. கடையில் திருடியவரும் கொலை வழக்குக்காரரும் முதலில் அங்கேதான் போவார்கள். கட்டடத்தின் எழுத்து வேறு, ஆளின் எழுத்து வேறு. உங்கள் தம்பி சி ஆளாகவே இருந்து, இடம் கிடைக்கும்வரை அங்கே காத்திருந்திருக்கலாம்.

இந்த ஏற்பாடே ஓடிப்போன ஒருவரால் வந்ததுதான். ஜார்ஜ் பிளேக், சோவியத் உளவாளி, 1961-ல் 42 வருடத் தண்டனை. 1966 அக்டோபர் 22-ம் தேதி லண்டன் வார்ம்வுட் ஸ்க்ரப்ஸ் சிறையின் சுவரைக் கயிற்று ஏணியில் தாண்டிப் போய்விட்டார், ஏணியின் படிகள் கம்பளி பின்னுகிற ஊசிகள். அரசாங்கம் மவுண்ட்பேட்டனைக் கூப்பிட்டு விசாரிக்கச் சொன்னது, ஆமாம், நம்ம கடைசி வைஸ்ராய்தான். அந்த வருட முடிவிலேயே அவர் கொடுத்த அறிக்கையில் வந்தவைதான் இந்த நாலு எழுத்தும். ஆபத்தானவர்களை எல்லாம் வைட் தீவில் ஒரே கோட்டைச் சிறையில் வைக்கலாம் என்றும் சொன்னார். அது நடக்கவில்லை, 1968-ல் இன்னொரு குழு சொன்னபடி பல சிறைகளில் பிரித்து வைத்தார்கள்.

என் அனுபவம் சின்னது. வக்கீலோடு மொழிபெயர்க்க ஒரு உயர்பாதுகாப்புச் சிறைக்குப் போயிருந்தேன். ஒரு கதவு பூட்டிய பிறகுதான் அடுத்தது திறக்கும், அப்படி இரண்டு கதவுக்கு நடுவில் நிற்கும்போது எதிரே ஒருவரை அழைத்து வந்தார்கள். சட்டையும் கால்சட்டையும் பாதி மஞ்சள், பாதி பச்சை. தப்பிக்கப் பார்த்தவர்களுக்கான உடுப்பு அது. கூட வந்த அதிகாரியின் கையில் ஒரு சின்னப் புத்தகம், ஏ கைதியை ஒருவர் இன்னொருவரிடம் ஒப்படைக்கும்போதெல்லாம் அதில் கையெழுத்து விழ வேண்டும். இவர்கள் எழுதிக்கொண்டிருந்த நேரம் முழுக்க அந்த ஆள் என் கழுத்தில் தொங்கிய விசிட்டர் அட்டையை எழுத்துக்கூட்டிப் படித்துக்கொண்டிருந்தார். என் பெயரைச் சரியாகவே உச்சரித்தார். வீடு வந்து சேரும்வரை அந்தக் குரல் காதிலேயே இருந்தது.

மதுரைக்காரன், நாட்டிங்ஹாம்

தாமரை மேடம், ஏற்பாடே 1966-ல் வந்தது போல எழுதியிருக்கிறீர்கள். எழுத்து அப்போது வந்தது, சரி. ஆளை ஆளிடமிருந்து பிரித்து வைக்கிற வேலை அதற்கு நூறு வருடம் முந்தியது. லிங்கன் கோட்டைக்குள் 1848-ல் கட்டிய சிறை இருக்கிறது, டிக்கெட் வாங்கிப் பார்க்கலாம். அங்கே இருக்கிற சேப்பலில் ஆளுக்கொரு மரத்தடுப்பு, கதவோடு. உள்ளே நின்றால் பக்கத்தில் நிற்பவர் தெரியாது, பாதிரியார் முகம் மட்டும் தெரியும். என் மனைவி அடுத்த தடுப்பில்தான் நின்றாள், அவள் மூச்சு கேட்டது, ஆளைப் பார்க்க முடியவில்லை. அப்புறம் பாதிரியார் நிற்கும் மேடையில் ஏறிப் பார்த்தேன், அத்தனை தடுப்பும் கண்ணுக்குக் கீழே திறந்து கிடக்கிறது. சாமி கும்பிடும் இடத்தில் இதை உட்கார்ந்து வரைந்தவர் யார் என்று இப்போதும் யோசிக்கிறேன்.

லண்டனில் 1842-ல் திறந்த பென்டன்வில்தான் இதற்கு மாதிரி. வெளியே நடக்க விட்டால்கூட முகத்தை மறைக்கும் தொப்பி போட வேண்டும். தனிமையில் மனம் திருந்தும் என்று நம்பினார்கள், பலருக்குப் புத்தி பேதலித்ததுதான் மிச்சம். இந்திய விடுதலைப் போராளிகள் மதன்லால் திங்க்ராவை 1909-லும் உத்தம் சிங்கை 1940-லும் தூக்கில் போட்டது அந்த பென்டன்வில்லில்தான். இன்றைக்கும் அது நடக்கிற சிறை.

கௌரி, ஹவுன்ஸ்லோ

நீங்கள் எல்லோரும் எழுத்தைப் பற்றிப் பேசுகிறீர்கள். விமான நிலையத்துக்குப் பக்கத்தில் இருக்கிற குடிவரவுத் தடுப்பு மையம் ஒன்றுக்கு நான் தொண்டராகப் போய்வந்தேன், யாரும் வராத ஆட்களைப் பார்த்துப் பேசுகிற வேலை. அங்கே யாருக்கும் எழுத்து இல்லை, ஏனென்றால் சட்டப்படி அது சிறையே இல்லை. ஆனால் கால்ன்புரூக், புரூக் ஹவுஸ் போன்ற தடுப்பு மையங்களைக் கட்டியதே பி பிரிவுச் சிறையின் அளவுகளில்தான். 1987-ல் ஹாரிச் துறைமுகத்தில் ஏர்ல் வில்லியம் என்ற பழைய பயணிகள் கப்பலில் தஞ்சம் கேட்டவர்களை வைத்திருந்தார்கள், பெரும்பாலும் நம் ஆட்கள். அந்த அக்டோபர் புயலில் கயிறு அறுந்து கப்பல் மணல்திட்டில் போய் ஏறியது. அதன் பிறகுதான் அவர்களை வெளியே விட்டார்கள்.

நான் பார்த்தவர் மன்னார்ப் பக்கம். முன்பு நாலு மாதம் உண்மையான ஜெயிலில் இருந்தவர். "அக்கா, அங்கே எனக்கு ஒரு தேதி இருந்தது, சுவரில் கோடு போட்டு அழித்துக்கொண்டே வந்தேன். இங்கே எதை அழிப்பது?" என்று கேட்டார். குடிவரவுத் தடுப்புக்கு இந்த நாட்டுச் சட்டத்தில் இத்தனை நாள்தான் என்ற வரம்பு இல்லை. அவருக்குச் சொல்ல என்னிடம் ஒரு பதிலும் இருக்கவில்லை.

லெஸ்டர் செல்வம்

என் மருமகனைத் திறந்த சிறையில் பார்த்தேன். மதில் இல்லை, வயல் ஓரத்தில் இரும்புக் கேட் ஒன்று, அவனே வாசல்வரை நடந்து வந்து வழியனுப்பிவிட்டுத் திரும்பி உள்ளே போனான். ஓட எதுவும் தடையில்லாத இடத்தில் அவன் திரும்பிப் போனதைப் பார்க்க எனக்குத்தான் தாங்க முடியவில்லை.

தங்கச்சி வாசுகி, கேட்காமலே சொல்கிறேன், கோபிக்க வேண்டாம். திருநீறோ பிரசாதமோ கையில் கொண்டு போகவே கூடாது. சிறைக்குள் மதகுருமார் பிரிவு இருக்கிறது, இந்து குருவும் வருவார், அவரைப் பார்க்க வேண்டும் என்று தம்பியை விண்ணப்பம் போடச் சொல்லுங்கள். தண்டனையானவருக்கு நாலு வாரத்துக்குக் குறைந்தது இரண்டு விசிட், ரிமாண்டில் இருந்தால் வாரத்துக்கு மூன்று. அம்மாவுக்கு வருமானம் குறைவு என்றால் பயணச் செலவைத் திருப்பித் தரும் திட்டம் அரசாங்கத்திடம் இருக்கிறது, போய் வந்த 28 நாளுக்குள் கேட்க வேண்டும், டிக்கெட்டைத் தூக்கி எறியாதீர்கள். அப்புறம் பிரிவு மாற்றம். நீண்ட தண்டனை என்றால் வருடத்துக்கு ஒருமுறையும், நாலு வருடத்துக்குக் குறைவு என்றால் ஆறு மாதத்துக்கு ஒருமுறையும் எழுத்தை மறுபடி பார்ப்பார்கள். அதற்கு முன்பே தம்பி தன் பக்கத்தை எழுதிக் கொடுக்க வேண்டும், செய்த வகுப்பு, பார்த்த வேலை, போய் இருக்க வீடு, எல்லாம். டி கிடைத்தால் பகலில் வெளியே வேலைக்குப் போகவும், வீட்டில் தங்கி வரவும் தற்காலிக அனுமதி கேட்கலாம். முடிவு தப்பாகத் தெரிந்தால் எழுத்தில் காரணம் கேளுங்கள், போனில் பேசிவிட்டு விடாதீர்கள். பெண்கள் சிறைக்கு இந்த நாலு எழுத்து பொருந்தாது, பெரும்பாலும் மூடியது, திறந்தது என்றுதான் பிரிப்பார்கள். ஸ்காட்லாந்தில் முறையே வேறு. யாராவது அங்கே மாட்டியிருந்தால் நான் சொன்னதை வைத்து நடக்க வேண்டாம்.

லாரி ரவி

தப்பி ஓடுவாரா என்று பார்த்துத்தான் எழுத்துப் போடுகிறார்கள் என்று தாமரை சொல்வதை ஒத்துக்கொள்கிறேன். அப்படியென்றால் 2023 செப்டம்பரில் லண்டன் வாண்ட்ஸ்வர்த் சிறையிலிருந்து டேனியல் கலீஃப் சாப்பாட்டு வண்டியின் அடியில் தன்னைக் கட்டிக்கொண்டு எப்படிப் போனார்? முன்னாள் ராணுவ வீரர், தேசப் பாதுகாப்பு வழக்கு, பி சிறை, அதுவும் சமையலறை வேலை. ஏ-யில் அல்லவா வைத்திருக்க வேண்டும் என்று பார்லிமென்டிலேயே கேட்டார்கள். மூன்று நாள் கழித்து நார்தோல்ட்டில் கால்வாய் ஓரம் பிடித்தார்கள்.

நான் அப்போது வேறொரு சிறைக்குக் காய்கறி இறக்கிக்கொண்டிருந்தேன். அந்த வாரம் கேட்டில் ஒரு அதிகாரி மழையில் தரையில் மல்லாந்து படுத்து, டார்ச் அடித்து வண்டியின் அடியை ஒவ்வொரு அங்குலமாகப் பார்த்தார். உள்ளே வழக்கமாகப் பெட்டி இறக்கிக் கொடுக்கும் சமையலறைப் பையன்களை மஞ்சள் கோட்டுக்குப் பின்னால் நிறுத்திவிட்டார்கள். தக்காளிப் பெட்டிகளை எல்லாம் நானே இறக்கினேன். எப்போதும் ஆர்சனல் ஸ்கோர் கேட்கிற வயதானவர் அங்கிருந்தே சத்தமாகக் கேட்டார், அதிகாரி பேசக்கூடாது என்று கையைக் காட்டினார், நான் பதில் சொல்லவில்லை. எழுத்தைப் போட்டவர்கள் விட்ட ஓட்டைக்கு இவர்கள் என்ன செய்தார்கள்? அதற்கடுத்த மாதம் என் ரூட்டை மாற்றிவிட்டார்கள்.