செக் பவுன்ஸ் வழக்கில் எதிரி (குற்றம் சாட்டப்பட்டவர்) விடுதலை: அப்பீலுக்கு ஐகோர்ட் அனுமதி வாங்கியே ஆகணுமா?

கணபதி லேத்காரன்:
வணக்கம். கோவையில் சின்ன லேத் பட்டறை வைத்திருக்கிறேன். பழக்கமான ஒருவருக்கு 4 லட்சம் கைமாற்றாகக் கொடுத்தேன். அவர் கொடுத்த செக் பணமில்லை என்று திரும்பி வந்தது. நான்கு வருஷம் நடந்த கேஸில் போன மாதம் மாஜிஸ்திரேட் கோர்ட்டில் அவரை விடுதலை செய்துவிட்டார்கள். கையெழுத்து அவருடையதுதான் என்று தீர்ப்பிலேயே இருக்கிறது. ஆனால் "இவ்வளவு பணம் கொடுக்க வாதிக்கு வசதி இருந்ததாக நிரூபிக்கவில்லை" என்று ஒரு பாரா. அந்த ஒரு பாராவில் எல்லாம் போச்சு.

அது சீட்டு எடுத்த பணம்ங்க. பாஸ்புக் வீட்டு பீரோவில் கிடக்கிறது, கோர்ட்டில் யாரும் கேட்கவும் இல்லை, என் வக்கீல் அதைச் சாட்சி ஆவணமாக மார்க் பண்ணவும் இல்லை. இப்போது அந்த வக்கீல், சென்னை ஐகோர்ட்டில் சிறப்பு அனுமதி மனு போட்டு, அனுமதி கிடைத்தால்தான் அப்பீலே என்கிறார். பட்டறையைப் பூட்டிவிட்டு எத்தனை தடவை சென்னைக்கு ஓடுவது? வேறு வழியே இல்லையா?

ஜூனியர் வக்கீல்:
உங்கள் வக்கீல் சொல்வது பழைய நடைமுறை. தனிநபர் புகாரில் விடுதலை என்றால் குற்றவியல் நடைமுறைச் சட்டம் 378(4)-ன்படி 60 நாளுக்குள் ஐகோர்ட்டில் அனுமதி கேட்கணும். அதற்குப் பதிலாக வந்த புதுச் சட்டத்தில் (பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா) அது பிரிவு 419.

2025 ஏப்ரலில் செலஸ்டியம் ஃபைனான்சியல் வழக்கில் சுப்ரீம் கோர்ட் வேறு மாதிரி சொல்லிவிட்டது. செக் திரும்பியதால் நஷ்டப்பட்டவரும் 'பாதிக்கப்பட்டவர்'தான், ஆகவே பழைய சட்டத்தின் 372-ஆம் பிரிவின் வரம்புரைப்படி (அந்தப் பிரிவோடு சேர்ந்த விதிவிலக்கு வாசகம்) அனுமதி இல்லாமலே அப்பீல் போடலாம் என்று. புதுச் சட்டத்தில் 413. சென்னை ஐகோர்ட் அனுமதி மறுத்து அங்கே போன வழக்குதான் அது. உங்களுக்கு அப்பீல் கோவை செஷன்ஸ் கோர்ட்டிலேயே.

ரிட்டயர்டு பெஞ்ச் கிளார்க்:
தம்பி சொன்னது சரி. அறுபது நாள் இருக்கே என்று மட்டும் உட்கார்ந்துவிடாதீங்க. செஷன்ஸுக்கு 30 நாளுக்குள் போட்டுவிடுவதுதான் பத்திரம். தீர்ப்பு நகலுக்கு மனு கொடுத்து வாங்கின நாட்கள் கணக்கில் கழியும், நகலின் பின்பக்க முத்திரையில் அந்தத் தேதிகள் இருக்கும் பாருங்க. தாண்டினால் தாமத மன்னிப்பு மனு, அதுக்குத் தனியா இழுத்தடிப்பு.

இன்னொன்று. விடுதலையை மேல்கோர்ட் லேசில் மாற்றாது. சாட்சியத்தை இரண்டு விதமாகப் பார்க்க இடமிருந்தால் எதிரிக்குச் சாதகமானதைத்தான் எடுப்பார்கள். பாஸ்புக்கைக் கூடுதல் சாட்சியமாக ஏற்கச் சொல்லி அப்பீலோடு தனி மனு போடுங்க (பழைய 391). ஏன் அப்போதே தாக்கல் செய்யவில்லை என்பதுதான் முதல் கேள்வியாக வரும்.

கணபதி லேத்காரன்:
ரொம்ப நன்றிங்க. நகல் வாங்கிவிட்டேன், இன்னும் ஒன்பது நாள் இருக்கிறது. ஆனால் பாஸ்புக்கை இப்போதுதான் எடுத்துப் பார்த்தேன். சீட்டுப் பணம் கைக்கு வந்தது மார்ச் 14. புகாரில் நான் கடன் கொடுத்ததாக இருப்பது மார்ச் 9! உண்மையில் இரண்டு தடவையாகக் கொடுத்தேன், 9-ந்தேதி கொஞ்சம், மீதி சீட்டு வந்த பிறகு. புகாரில் ஒரே தேதியாக டைப் பண்ணிவிட்டார்கள், நானும் படித்துப் பார்க்காமல் கையெழுத்துப் போட்டேன்.

ரிட்டயர்டு பெஞ்ச் கிளார்க்:
அப்போ மனு டைப் ஆகிறதுக்கு முன்னாடி பாஸ்புக்கும் புகார் நகலும் வக்கீல் மேஜையில் இருக்கணும். உங்க குறுக்கு விசாரணையில் தேதி பற்றி என்ன சொல்லியிருக்கீங்க என்று அந்த வாக்குமூலத்தை இன்றைக்கே படிங்க.