வழக்கில் சிக்கியவருக்கு வயது 17-ஆ 18-ஆ: நீங்கள் நேரில் பார்த்ததை எழுதுங்கள்

கறுப்புக்கோட்டு
ரிமாண்டில் மாஜிஸ்திரேட் கேட்டார், "உனக்கு என்னப்பா வயசு?" பையன் வாயைத் திறக்கவில்லை. பக்கத்தில் நின்ற ஏட்டையாவைத் திரும்பிப் பார்த்தான். அவர் லேசாகத் தலையை ஆட்டினார். "பத்தொன்பதுங்கய்யா" என்றான். அவ்வளவுதான், மத்திய சிறை.

பிறகு இலவச சட்ட உதவியில் அந்த வழக்கு என்னிடமே வந்தது. வீட்டில் டிரங்குப் பெட்டிக்குள் பத்தாம் வகுப்பு மார்க் ஷீட் இருந்தது. சம்பவத்தன்று அவனுக்கு 17 வயது 2 மாதம். 18 வயது ஆகாதவர்களை வைக்கும் கூர்நோக்கு இல்லத்துக்கு மாற்றும்வரை கொலைக் கைதிகளோடு ஒரே பிளாக்கில் இருந்திருக்கிறான். அங்கே நடந்ததைப் பெற்ற தாயிடம்கூடச் சொல்லவில்லை. அந்தத் தாளை எடுத்துப் பார்க்க ஒரு மணி நேரம் போதும். பள்ளிக்கூடத்துத் தாள் பொய் சொல்லாது.

எக்ஸ்ரே அறை
நான் அரசு மருத்துவமனையில் டெக்னீஷியன். "ஏஜ் சர்டிபிகேட்" என்று கான்ஸ்டபிள்கள் கூட்டி வருவார்கள். மணிக்கட்டு, முழங்கை, தோள், இடுப்பெலும்பின் மேல் விளிம்பு, பற்கள் எல்லாம் பார்ப்போம். எலும்பு முனைகள் எவ்வளவு தூரம் ஒட்டியிருக்கின்றன என்பதுதான் கணக்கு.

ஒருத்தனை மறக்கவே முடியவில்லை. கையைத் தட்டில் விரித்து வைக்கச் சொன்னேன். பத்து விரலிலும் மருதாணி. அக்கா கல்யாணத்துக்கு வைத்ததாம், இன்னும் அழியவில்லை. நான் பிளேட்டை வெளியே எடுப்பதற்குள் கூட வந்தவர், "பதினெட்டு தாண்டிருச்சா சார்?" என்கிறார். டாக்டர் எழுதியது "17-க்கு மேல், 19-க்குள்". எலும்பு அதற்கு மேல் சொல்லாது. ஊட்டச்சத்து, உடல்வாகு என்று எத்தனையோ இருக்கிறது. ஆனால் வெளியே போனதும் அந்தத் தாளில் 19 மட்டும்தான் அவர்கள் கண்ணுக்குத் தெரிந்தது.

ஓய்வுபெற்ற வாத்தியார்
கறுப்புக்கோட்டு தம்பி, பள்ளிக்கூடத்துத் தாள் பொய் சொல்லாதுன்னு நீங்க எழுதினதை என்னால ஏத்துக்க முடியல. கையைத் தலைக்கு மேல சுத்தி எதிர்க்காதைத் தொட்டா ஒண்ணாம் வகுப்புல சேர்த்த ஊருங்க எங்க ஊரு. பிறப்புச் சான்று இல்லாம வர்ற பிள்ளைக்கு ஜூன் 1-னு ஒரு தேதி போட்டுடுவாங்க. எங்க சேர்க்கைப் பதிவேட்டுல பக்கம் பக்கமா ஜூன் 1 இருக்கும்.

நான் தலைமையாசிரியரா இருந்தப்போ கடலோரக் குப்பத்துல இருந்து ஒரு அம்மா, வக்கீலோட வந்தாங்க. பையன் எட்டாவதோட நின்னவன், பத்தாவது சான்றிதழ் கிடையாது. பதிவேட்டுல 1.6.2004. வழக்கு 2022 அக்டோபர். பதினெட்டு தாண்டியாச்சுன்னு வக்கீல் பையை மூடிட்டார். அந்த அம்மா மேசையைப் பிடிச்சுக்கிட்டு, "சுனாமி அன்னைக்கு இவன் வயித்துல எட்டு மாசம் சார், வயித்தைப் பிடிச்சுக்கிட்டுதான் ஓடினேன்" அப்படின்னாங்க. சுனாமி 2004 டிசம்பர் 26. அப்போ இவன் ஜூன்ல எப்படிப் பிறந்திருப்பான்? நான் பேச்சுக் கொடுத்தப்போதான் அரசு ஆஸ்பத்திரிப் பிரசவம்னே தெரிஞ்சுது. நகராட்சிப் பதிவுல 2005 ஜனவரின்னு இருந்துச்சு.

பிரிவு 94
மூன்று பேருமே பாதி பாதி சொல்கிறீர்கள். என் கட்சிக்காரருக்கு ஆதாரை வைத்தே வயதைத் தீர்மானித்திருந்தார்கள், அதை உடைக்கவே மாதக்கணக்கானது. என் கதை இவ்வளவுதான். சட்டத்தைக் கேளுங்கள்.

2015 சிறார் நீதிச் சட்டத்தின் 94-வது பிரிவு ஒரு வரிசை வைத்திருக்கிறது. முதலில் பள்ளி தரும் பிறந்த தேதிச் சான்றிதழ் அல்லது தேர்வு வாரியத்தின் பத்தாம் வகுப்புச் சான்றிதழ். அது இல்லையென்றால் மாநகராட்சி, நகராட்சி, ஊராட்சி தரும் பிறப்புச் சான்று. இரண்டும் இல்லாதபோது மட்டுமே எக்ஸ்ரே, அதையும் உத்தரவிட்ட 15 நாளுக்குள் முடிக்க வேண்டும். வாத்தியார் ஐயா, நம்ம தமிழ்நாட்டு போக்சோ வழக்கு ஒன்றில் 2023-ல் உச்ச நீதிமன்றம் டி.சி.யையும் (பள்ளி மாற்றுச் சான்றிதழ்) சேர்க்கைப் பதிவேட்டு நகலையும் இந்தப் பிரிவு கேட்கும் ஆவணமாக ஏற்கவில்லை. உங்கள் குப்பத்துப் பையனுக்கு நகராட்சிச் சான்றே பேசும். எக்ஸ்ரே அறை, இரண்டு வருடம் முன்பின் ஆகலாம் என்பதை 1982-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. இரண்டு பக்கமும் சாய இடமிருந்தால் சிறார் பக்கம் சாயச் சொன்னது 2002-ல். கணக்கில் வருவது சம்பவம் நடந்த நாள். கைதான நாளையோ தீர்ப்பு நாளையோ வைத்துப் பேசாதீர்கள்.

இன்னொன்று. 9-வது பிரிவுப்படி, சம்பவத்தின்போது சிறார் என்ற கோரிக்கையை எந்தக் கட்டத்திலும் எழுப்பலாம், வழக்கு முடிந்த பிறகும்கூட. வெறும் உறுதிமொழிப் பத்திரம் போதாது, சாட்சியம் வேண்டும். 1994 புனே கொலை வழக்கில் தூக்குத் தண்டனை பெற்றவர் சம்பவத்தின்போது 12 வயதுச் சிறுவன் என்று 2023-ல்தான் முடிவானது. 28 வருடம் உள்ளே இருந்தார். அதே 1994-ல் டேராடூனில் நடந்த கொலையில் சிக்கியவருக்கு அப்போது வயது 14. அவர் விடுதலையானது 2025 ஜனவரியில். ஆகவே ஜெயிலில் யாராவது இருந்தால், காலம் போய்விட்டது என்று உட்கார்ந்துவிடாதீர்கள்.

தங்கச்சி
எல்லாரும் அந்தப் பக்கத்துலயே நின்னு பேசுறீங்க. எங்க அண்ணனைக் குத்தினவன் அப்பா, ஒரு பிளாஸ்டிக் கவர்ல சர்டிபிகேட்டைப் பத்திரமா வச்சிருந்தார். நீட்டினார், வாங்கிப் பார்த்தாங்க, முடிஞ்சுது. பையனுக்கு 17-ஐ தாண்டி பத்து மாசம்னு சொன்னாங்க. எங்க அம்மா அந்தக் கவரையே பார்த்துக்கிட்டு நின்னாங்க. அது அசலா, எப்ப வாங்கினதுன்னு கேட்க எங்களுக்கு யாரு இருந்தா? மருதாணி வச்ச கைன்னு எழுதுறீங்களே எக்ஸ்ரே அண்ணா, எங்க அண்ணன் நெஞ்சுல இருந்த காயத்தையும் யாராவது எழுதணும்ல.

எக்ஸ்ரே அறை
எழுதணும்மா. நீங்க சொல்றது நியாயம்.

கறுப்புக்கோட்டு
தங்கச்சி, கேட்க உங்களுக்கும் உரிமை இருக்கிறது. சான்றிதழில் சந்தேகம் இருந்தால் பள்ளியிலிருந்து மூலப் பதிவேட்டை வரவழைக்கச் சொல்லலாம். கொலை போன்ற கொடுங்குற்றம் என்றால், 16-லிருந்து 18-க்குள் இருப்பவரைப் பெரியவர் போல விசாரிக்கலாமா என்று 15-வது பிரிவில் முதற்கட்ட மதிப்பீடு உண்டு. அது நடந்ததா? வயது உத்தரவு பிடிக்கவில்லை என்றால் 30 நாளுக்குள் மேல்முறையீடு செய்யலாம்.

தங்கச்சி
30 நாள் எப்பவோ போயிருச்சு. உத்தரவு நகலை எங்க கையில ஒருத்தரும் கொடுக்கல.

கறுப்புக்கோட்டு
தாமதத்துக்குப் போதிய காரணம் இருந்தால் 30 நாளுக்குப் பிறகும் எடுத்துக்கொள்ளச் சட்டத்தில் இடம் இருக்கிறது. நகல் தராததும் ஒரு காரணம்தான். முதலில் நகல் கேட்டு மனு போடுங்கள், போட்ட தேதிக்கு அத்தாட்சி வாங்கி வையுங்கள். மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் சட்டப்பணிகள் ஆணைக்குழு அலுவலகம் இருக்கும். அம்மாவைக் கூட்டிக்கொண்டு போங்கள், அவர்களுக்கு அங்கே வக்கீல் கட்டணம் கிடையாது.