பிக்கப் ஷாட்டுக்கு ஒரு தமிழ்ச் சொல்: நிரப்பா, ஒட்டா?

கோவிந்தாபுரத்திலிருந்து:

எல்லோருக்கும் வணக்கம்.

ஒரு சூப்பர் ஹீரோ படம் அறிவித்த நாளிலிருந்து தியேட்டருக்கு வந்து சேரும் வரை என்னென்ன கட்டங்களைத் தாண்டுகிறது என்று ஒரு கட்டுரை எழுதிக்கொண்டிருக்கிறேன். முக்கால்வாசி முடிந்தது. முன்தயாரிப்பு, முதன்மைப் படப்பிடிப்பு, படத்தொகுப்பு, வரைகலை, பின்னணி இசை என்று மற்றதற்கெல்லாம் புழக்கத்தில் சொல் இருக்கிறது. ஒரே ஒரு இடத்தில் வண்டி நின்றுவிட்டது.

படப்பிடிப்பு முடிந்து பூசணிக்காய் உடைத்தாகிவிட்டது. எடிட்டர் மேசையில் படம் ஓடுகிறது. அப்போதுதான் தெரிகிறது, இந்த இடத்தில் ஒரு குளோசப் குறைகிறது, அந்த இடத்தில் கதாநாயகன் உள்ளே வருவதே இல்லை, நேரே உட்கார்ந்திருக்கிறான். நடிகர்களைத் திரும்பக் கூப்பிட்டு, அதே சட்டையை மாட்டிவிட்டு, நாலைந்து ஷாட் எடுப்பார்கள். ஹாலிவுட்டில் இதற்குப் பிக்கப் என்று பெயர். கோடம்பாக்கத்தில் பேட்ச் ஒர்க். எங்கள் பக்கம் வருகிற மலையாளப் படக்காரர்களும் பேட்ச் ஒர்க் என்றுதான் சொல்கிறார்கள். தமிழில்?

பத்திரிகைகளில் 'மறுபடப்பிடிப்பு' என்று போட்டுவிடுகிறார்கள். எனக்கு அது பிடிக்கவில்லை. 'மறு' என்று வந்தாலே முதலில் எடுத்தது உருப்படவில்லை, படம் தேறாது என்ற நினைப்பு வாசகருக்கு வந்துவிடும். பெரிய படங்களில் நடப்பது அப்படியில்லை. அவெஞ்சர்ஸ் எண்ட்கேமை எடுத்துக்கொள்ளுங்கள். அதையும் அதற்கு முந்தைய பாகத்தையும் 2014 அக்டோபர் 28 அன்று அறிவித்தார்கள். இரண்டுக்கும் ரிலீஸ் தேதியையும் அன்றைக்கே சொல்லிவிட்டார்கள்: 2018 மே 4, 2019 மே 3. இயக்குநர்களும் எழுத்தாளர்களும் யார் என்று வெளியே வந்ததே 2015-ல்தான். முகூர்த்தம் குறித்துவிட்டு மாப்பிள்ளை தேடின கதை. 2017 ஜனவரி 23 அன்று அட்லாண்டா பக்கத்தில் முதல் படத்தின் படப்பிடிப்பு தொடங்கி ஜூலை 14-ல் முடிந்தது. ஒரு மாதம்கூட ஓய்வில்லை, ஆகஸ்ட் 10-ல் அடுத்தது தொடங்கி 2018 ஜனவரி 11 வரை போனது. எண்ட்கேம் திரைக்கு வந்தது 2019 ஏப்ரல் 26. நடுவில் 15 மாதம்.

அந்த 15 மாதத்தில் வரைகலை ஒரு பக்கம் ஓட, செப்டம்பரில் நடிகர்கள் திரும்ப வந்தார்கள். அதற்கும் அப்புறம், 2019 ஜனவரியில் ஒரே ஒரு வசனத்துக்காக ராபர்ட் டவுனி ஜூனியரை மறுபடி கூப்பிட்டார்கள். கடைசியில் விரலைச் சொடுக்கும் முன்னால் 'நான்தான் அயர்ன் மேன்' என்பாரே, அதுதான். முதலில் எடுத்ததில் அந்த இடத்தில் அவர் பேசுவதே இல்லை. எடிட்டிங் அறையில் படத்தொகுப்பாளர் ஜெஃப் ஃபோர்டு சொன்ன யோசனை அது. தமிழ் டப்பிங்கில் விஜய் சேதுபதி குரலில் நாம் கேட்டதும் அந்த வரியைத்தான்.

இதை 'மறு' என்று எப்படி எழுதுவது? எதையும் மறுபடி எடுக்கவில்லை. இல்லாததை எடுத்தார்கள். ஆளுக்கொரு சொல் போடுங்கள்.

களியக்காவிளையிலிருந்து:

தம்பிக்கு, 'துணைப்படப்பிடிப்பு' என்று வைத்துக்கொள்ளலாமே. முதன்மைப் படப்பிடிப்பு என்று ஒன்று இருக்கும்போது அதற்குத் துணை என்று ஒன்று இருப்பது முறைதானே. மலையாளத்தில் சித்ரீகரணம், தெலுங்கில் சித்ரீகரண. நமக்கோ படப்பிடிப்பு என்று சொந்தச் சொல்லே இருக்கிறது. அதற்கு முன்னால் ஒரு அடை போட்டால் வேலை முடிந்தது. இதற்கு ஏன் இத்தனை யோசனை மக்களே?

செங்கோட்டையிலிருந்து:

ஐயா, துணை வேண்டாம். துணை என்றால் இரண்டாவது யூனிட்காரர்கள் எடுப்பது என்று ஆகிவிடும். பெரிய படங்களில் இயக்குநர் ஒரு இடத்தில் நடிகர்களை வைத்து எடுத்துக்கொண்டிருக்கும்போதே, இன்னொரு கூட்டம் வேறு இடத்தில் கார் துரத்தலையும் சண்டையில் டூப் போட்டவர்களையும் எடுத்துக்கொண்டிருக்கும். அது படப்பிடிப்பு நடக்கும்போதே நடப்பது. தம்பி கேட்பது எல்லாம் முடிந்த பிறகு வருவது.

நான் சப்டைட்டில் எழுதிப் பிழைக்கிறவள். ஒரு பேட்டியில் இந்த மூன்று சொல்லும் ஒரே மூச்சில் வந்து என்னைப் பாடாய்ப் படுத்தின: பிக்கப், ரீஷூட், அடிஷனல் போட்டோகிராபி. மூன்றும் ஒன்றில்லை. அடிஷனல் போட்டோகிராபி பொதுப்பெயர், 'கூடுதல் படப்பிடிப்பு' என்றே எழுதிவிடலாம். மார்வெல்காரர்கள் இதற்கான நாட்களை முதலிலேயே திட்டத்தில் ஒதுக்கிவிடுவதாக வெளிப்படையாகவே சொல்கிறார்கள். ரீஷூட் என்றால் எடுத்த காட்சியையே மாற்றி எடுப்பது. அதற்கு 'மறுபடப்பிடிப்பு' சரியான சொல்தான், அதை ஏன் தள்ள வேண்டும்?

அதற்கு நல்ல உதாரணம் 2017-ல் வந்த ஜஸ்டிஸ் லீக். இயக்குநர் ஸாக் ஸ்னைடர் அந்த மே மாதம் விலகினார். ஜாஸ் வீடன் வந்து நிறையக் காட்சிகளைப் புதிதாக எழுதி எடுத்தார். அதற்குள் சூப்பர்மேன் ஹென்றி கேவில் வேறொரு படத்துக்கு மீசை வளர்த்துவிட்டார். அந்தப் படத்தைத் தயாரித்த பாரமவுண்ட் மழிக்க விடவில்லை. மீசையோடேயே நடிக்கவைத்து, பிறகு கம்ப்யூட்டரில் மழித்தார்கள். தியேட்டரில் மேலுதட்டைப் பார்த்தீர்களா? யாரோ மாவு பூசியது மாதிரி இருந்தது. அது மறுபடப்பிடிப்பு. அயர்ன் மேன் வசனம் அந்த இனமே இல்லை.

தம்பி கேட்டதற்கு என் சொல்: 'நிரப்புப் படப்பிடிப்பு'. வயலில் நாற்று செத்துப்போன இடத்தில் புது நாற்றை ஊன்றுவோமே, வேளாண்மைக்காரர்கள் அதைப் பாடு நிரப்புதல் என்கிறார்கள். அந்த நிரப்பு.

நகரியிலிருந்து:

அக்கா சொன்ன நிரப்பு எனக்கு இடிக்கிறது. 'இட்டு நிரப்பினான்' என்றால் என்ன அர்த்தம்? சரக்கு இல்லாமல் பக்கத்தை ரொப்பினான் என்று. இங்கே ஏகாம்பரகுப்பம் பக்கம் தறிக்காரர்கள் பழைய பாவு முடிகிற இடத்தில் புதுப் பாவின் இழைகளை ஒவ்வொன்றாகச் சேர்த்து முறுக்குவார்கள். பாவு பிணைக்கிறது என்று பேர். துணி நெய்து வந்த பிறகு பிணைத்த இடம் எங்கே என்று நெய்தவனுக்கு மட்டும்தான் தெரியும். 'பிணைப்புப் படப்பிடிப்பு' என்று சொல்லிப் பார்த்தேன், என் வாயிலேயே நிற்கவில்லை. விட்டுவிட்டேன்.

வேடிக்கைக்கு இன்னொன்று: 'விட்டுப்பிடிப்பு'. படம் பிடிக்கும்போது விட்டது, அப்புறம் பிடித்தது. சரிதானே? சீட்டாட்டத்தில் விட்டதைப் பிடிக்கிறவன் ஞாபகம் வந்தால் நான் பொறுப்பில்லை.

நிஜமாகக் கேட்கிறேன், பேட்ச் ஒர்க் என்றே எழுதிவிட்டால் என்ன குடி முழுகிப்போகும்? தெலுங்குப் பத்திரிகைகளில் அப்படியே போடுகிறார்கள்.

கோவிந்தாபுரத்திலிருந்து:

அண்ணா, குடி முழுகாது. ஆனால் சினிமாவுக்கு வெளியே இருக்கிறவரிடம் பேட்ச் ஒர்க் என்றால் ஜாக்கெட் கையில் துணி வைத்துத் தைப்பதைத்தான் நினைப்பார். எங்கள் வீட்டிலேயே கேட்டுப் பார்த்தேன்.

செங்கோட்டை அக்கா நாற்று என்று சொன்னதும் எனக்கு ஒன்று ஞாபகம் வந்தது. சொல்கிறேன், கொஞ்சம் நீளும்.

கொல்லங்கோட்டுப் பக்கம் எங்கள் சித்தப்பா வயலில் ஒரு மலையாளப் படம் எடுத்தார்கள். டிசம்பர் மாதம். முண்டகன் போகத்து நெற்பயிர் பச்சைப்பசேல் என்று நிற்க, பின்னால் நெல்லியாம்பதி மலை. கதாநாயகி வரப்பில் நின்று திரும்பிப் பார்க்க வேண்டும். எடுத்துவிட்டுப் போனார்கள். மார்ச்சில் திரும்ப வந்தார்கள். அவள் திரும்புகிற ஷாட் இருக்கிறதாம், திரும்பியபின் கண் கலங்குகிற குளோசப் இல்லையாம். வயலில் என்ன இருக்கும் மார்ச்சில்? அறுத்துவிட்ட தாள்தான், மண் வெடித்துக் கிடக்கிறது. கண்டின்யுட்டி பார்க்கிற பையன் ஒரு நோட்டையும் போனையும் வைத்துக்கொண்டு தலையைச் சொறிகிறான். புடவை சரி, பொட்டு சரி, வலது பக்கம் விழுந்த முடிக்கற்றை சரி. பின்னால் பச்சை எங்கே?

கடைசியில் கிணற்றோரம் மாட்டுக்குப் போட்டிருந்த தீவனப்புல் கண்ணில் பட்டது. பாதி ஆள் உயரம் இருந்ததைக் கதிர் அரிவாளால் நெற்பயிர் மட்டத்துக்கு வெட்டச் சொல்லி, அதற்கு முன்னால் கதாநாயகியை நிறுத்தி, தோளுக்கு மேலே மட்டும் எடுத்தார்கள். பின்னணி மங்கலாகத் தெரிகிற லென்ஸ். மொத்தம் நாலு ஷாட், ஒரு காலை வேலை. படம் வந்தபோது எல்லோரும் போய்ப் பார்த்தோம். அந்த இடம் வந்ததும் சித்தி சத்தமாக, 'ஐயே, நம்ம லட்சுமி திங்கற புல்லு' என்றாள். லட்சுமி எங்கள் பசு. தியேட்டரில் வேறு யாருக்கும் ஒன்றும் தெரியவில்லை. பின் வரிசையில் ஒருத்தர் மூக்கை உறிஞ்சிக்கொண்டிருந்தார்.

அதனால் எனக்கு நிரப்பு போதவில்லை. குழியை நிரப்பினால் நிரப்பின இடம் தனியாகத்தான் கிடக்கும். இது அப்படியில்லை, முன்னால் இருப்பதோடும் பின்னால் இருப்பதோடும் கூடி உயிர் பிடிக்க வேண்டும். முதலமடை இங்கிருந்து கூப்பிடு தூரம், மாந்தோப்புக்குப் பேர் போன ஊர். அங்கே நர்சரியில் போய் நின்றால் நாள் முழுக்க ஒட்டுக்கட்டுவதைப் பார்க்கலாம். வேர்ச்செடியின் தலையை வெட்டி, நடுவில் பிளந்து, ஆப்பு மாதிரி சீவின குச்சியைச் செருகி, பிளாஸ்டிக் நாடாவைச் சுற்றுவார்கள். பிடித்துக்கொண்டால் அது ஒரே மரம். தண்டில் ஒரு தழும்பு இருக்கும், காயில் இருக்காது. ஆக, 'ஒட்டு'. ஒட்டுப் படப்பிடிப்பு. பேட்ச் என்பதற்கும் அதே சொல்தான் தமிழில், இரண்டு அர்த்தமும் ஒரே இடத்தில் கிடைக்கிறது.

களியக்காவிளையிலிருந்து:

மாங்கன்று நன்று. ஆனால் ஒட்டுப்போட்ட சட்டையும் ஒட்டுத்தானே? அதை யார் பெருமையாகச் சொல்வார்? 'மறு' என்றால் படத்துக்கு இழுக்கு என்று தொடங்கிய நீங்களே கிழிசலுக்கு வந்து நிற்கிறீர்கள்.

இன்னொரு சந்தேகம். நம் பக்கத்துச் சூப்பர் ஹீரோ படம் மின்னல் முரளி. குரு சோமசுந்தரம் நடித்தாரே, அதுதான். 2019 டிசம்பரில் தொடங்கிய படம். ஊரடங்கில் வேலை நின்றிருந்தபோது, 2020 மே மாதம், காலடியில் போட்டிருந்த தேவாலய செட்டைச் சிலர் புகுந்து உடைத்தார்கள். படம் வந்தது 2021 டிசம்பர் 24-ல். அந்த இரண்டு வருடத்தில் எது ஒட்டு, எது மறு, எது எதுவுமில்லை?

சந்தி: 'ஒட்டுபடப்பிடிப்பு' என்று யாரும் எழுதிவிடாதீர்கள். ப் மிகும்.

செங்கோட்டையிலிருந்து:

கிழிசல் ஞாபகம் வந்தால் வரட்டும் ஐயா. எனக்குச் சப்டைட்டிலில் ஒரு வரிக்கு நாற்பது எழுத்துதான் இடம். 'நிரப்புப் படப்பிடிப்பு' அதில் பாதியைத் தின்றுவிடுகிறது. ஒட்டுக்கு என் ஓட்டு.

கோவிந்தாபுரத்திலிருந்து:

ஐயா, நீங்கள் கேட்டது நல்ல கேள்வி. செட் உடைந்ததும் ஊரடங்கும் தடங்கல். அதற்குத் தடங்கல் என்ற சொல்லே போதும். எடுத்ததைத் தொகுத்துப் பார்த்தபின் தெரிய வருகிற குறைக்கு எடுப்பது மட்டும்தான் ஒட்டு. இந்த வரையறையைக் கட்டுரையில் அடிக்குறிப்பாக வைக்காமல், முதலில் வரும் இடத்திலேயே வாக்கியமாக எழுதிவிட்டேன். சட்டை விஷயத்தில் உங்களோடு வழக்காட முடியாது, தோற்றுவிட்டேன். இருந்தாலும் சொல்லை மாற்றவில்லை.

மாற்றாததற்கு ஒரு காரணம் உண்டு. நேற்று என் மச்சானிடம் அந்தப் பக்கத்தைப் படிக்கக் கொடுத்தேன். பொள்ளாச்சியில் லைட் யூனிட்டில் வேலை பார்க்கிறான், படிப்பதில் அவ்வளவு நாட்டம் இல்லாதவன். ஒட்டுப் படப்பிடிப்பு என்ற இடத்தில் விரலை வைத்து, 'பேட்ச் ஒர்க்கா?' என்றான். ஆமாம் என்றேன். விளக்கம் எதுவும் கேட்கவில்லை. சாப்பிட்டுவிட்டுக் கிளம்பும்போது மட்டும், 'நாளைக்குச் சீக்கிரம் எழுப்பி விடுங்க, ஆழியாறுல ரெண்டு ஒட்டு பாக்கி இருக்கு' என்றான். கிண்டலாகத்தான் சொன்னான். ஆனால் படப்பிடிப்பு என்ற வாலை அவனே வெட்டிவிட்டான் பாருங்கள். 'ஒட்டு எடுத்தார்கள்' என்று வினையும் தானாக அமைந்துவிடுகிறது. கட்டுரையில் இப்போது இப்படி இருக்கிறது:

"2018 செப்டம்பரில் தொடங்கிய கூடுதல் படப்பிடிப்புக்குப் பிறகும், 2019 ஜனவரியில் ஒரே ஒரு வசனத்துக்காக ஒட்டு எடுத்தார்கள்."

நகரி அண்ணா, உங்கள் பாவு பிணைப்பை வீணாக்கவில்லை. வரைகலைக்காரர்கள் தனித்தனியாக எடுத்த நாலு படத்தை ஒரே ஃபிரேமில் சேர்ப்பார்களே, கம்போசிட்டிங், அதற்குப் பிணைப்பு என்று எழுதிவைத்திருக்கிறேன். தறிக்காரர்கள் யாராவது அடிக்க வந்தால் உங்களைத்தான் காட்டுவேன்.

அடுத்தது பிக்சர் லாக், அதாவது இனி மாற்றமில்லை என்று படத்தொகுப்பை முடித்துவைப்பது. 'வெட்டு முடிவு' என்று தற்காலிகமாகப் போட்டிருக்கிறேன். படித்தால் கறிக்கடை மாதிரி இருக்கிறது. ஞாயிற்றுக்கிழமைக்குள் யாராவது வேறு சொல்லுங்கள், திங்களன்று கட்டுரையைக் கொடுக்க வேண்டும்.