புதுப்பிப்பு: மாட்டில மோதின விபத்துக்கு எந்தக் குறியீடு?

போன கிழமை கேட்டிருந்தன்: ஏ9 வீதியில மாடு குறுக்கால வந்து, மோட்டார் சைக்கிளில பின்னுக்கு இருந்த பிள்ளைக்கு முழங்காலுக்குக் கீழ எலும்பு முறிஞ்சது, ஐசிடி-10இல (நோய், காயம், அதின்ர காரணம் எல்லாத்துக்கும் குறியீடு குடுக்கிற உலக சுகாதார நிறுவனத்தின்ர பட்டியல்) எதை முதல் எழுதுறது எண்டு.

காயம்தான் முதல்: எஸ் 82.2 (கீழ்க்கால் பெரிய எலும்பின்ர நடுத்தண்டு முறிவு). காரணம் மேலதிகமா: வி 20.5 (மோட்டார் சைக்கிள் ஆளிலயோ மிருகத்திலயோ மோதி, பின்னுக்கு இருந்தவருக்குக் காயம்). ஓட்டினவருக்கெண்டால் வி 20.4.

பிள்ளையின்ர ரிக்கெற்றில (வார்ட்டில எழுதிற நோயாளர் பதிவு) வெறும் 'வீதி விபத்து' எண்டுதான் கிடந்தது. அப்பிடியே போட்டிருந்தால் வி 89.2 (விபரம் தெரியாத மோட்டார் வாகன வீதி விபத்து), மாடே காணாமல் போயிருக்கும். வார்ட்டுக்குப் போய்த் தாயிட்ட கேட்டன். "மாட்டில முட்டித்தான் விழுந்தவை, தங்கச்சி" எண்டா. முட்டாமல் வெட்டி எடுத்துச் சறுக்கி விழுந்திருந்தால் வி 28! இந்த ஒரு சொல்லுக்காகத்தான் மாடிப்படி ஏறினது.

ஆர் ஓட்டினது, எதில மோதினது எண்டு ரெண்டு வரி எழுதச்சொல்லி டொக்டரிட்டக் கேட்டன். ஓமெண்டிட்டார்.