சீலகாந்த் திரும்பி வந்ததே, பிளீசியோசார் மட்டும் ஏன் வரக்கூடாது?

டொங்காட் அம்மா:
எல்லோருக்கும் வணக்கம். போன மாதம் பிள்ளைகளோடு இங்கே தென்னாப்பிரிக்காவில் இருக்கிற ஹோவிக் அருவிக்குப் போயிருந்தோம். 95 மீட்டர் உயரம். மேலே கம்பியைப் பிடித்துக்கொண்டு கீழே இருக்கிற மடுவையே பார்த்து நின்ற என் மகன், அன்றிலிருந்து என்னைத் துளைத்து எடுக்கிறான். அவனுக்கு 11 வயது.

அந்த மடுவில் இன்கன்யாம்பா குடியிருப்பதாக ஜூலு மக்கள் சொல்வார்கள். பாம்பு உடம்பு, குதிரைத் தலை. 2024 ஜூனில் எங்கள் ஊரை டொர்னேடோ அடித்துக் கூரையெல்லாம் பறந்தபோது, என்னோடு வேலை பார்க்கும் ஜூலு அக்கா, "இன்கன்யாம்பா ஜோடியைத் தேடிக் கிளம்பிவிட்டது, பளபளக்கிற தகரத்தைத் தண்ணீர் என்று நினைத்து இறங்கியிருக்கிறது" என்றார்.

மகன் அதைப் பிளீசியோசார் என்கிறான், டைனோசார் காலத்தில் நீரில் வாழ்ந்து அழிந்துபோன விலங்கு. ஸ்காட்லாந்தின் லாக் நெஸ் ஏரியில் இருப்பதாகச் சொல்வது போல இங்கேயும் ஒன்று தப்பியிருக்குமாம். "அழிஞ்சுபோச்சுன்னு சொன்ன சீலகாந்த் மீன் நம்ம நாட்டுலதானே அம்மா கிடைச்சுது?" என்று கேட்கிறான். திங்கட்கிழமை வகுப்பில் இதைப் பற்றிப் பேசப் போகிறான். என்ன சொல்லிக்கொடுக்க? அக்கா மனசு நோகிற மாதிரியும் எதுவும் வேண்டாம்.

சாட்ஸ்வர்த் வாசகர்:
லாக் நெஸ்ஸை நம்ப வேண்டாம் என்று சொல்லுங்கள். கழுத்தை நீட்டிக்கொண்டு நிற்கும் அந்தப் பிரபலமான 1934 படம், பொம்மை நீர்மூழ்கியில் தலையைப் பொருத்தி எடுத்தது. 1994இல் உண்மை வெளியே வந்துவிட்டது.

ஈஸ்ட் லண்டன் வாத்தியார்:
தங்கச்சி, படம் பொய் என்பதால் மட்டும் பையன் கேள்விக்குப் பதில் கிடைத்துவிடாது. அவன் கேட்டிருப்பது ரொம்ப நல்ல கேள்வி. முப்பது வருஷம் அறிவியல் பாடம் எடுத்தவன் என்ற முறையில் சொல்கிறேன், அவனை வாயடைக்க வைக்காதீர்கள்.

முதலில் சீலகாந்த். 1938 டிசம்பர் 22, கிறிஸ்துமஸுக்கு மூன்று நாள் முன்னால். சலும்னா ஆறு கடலில் கலக்கும் இடத்துக்கு வெளியே மீன்பிடித்த 'நெரைன்' என்ற இழுவைக் கப்பல் எங்கள் ஊரான ஈஸ்ட் லண்டன் துறைமுகத்துக்கு வந்தது. கேப்டன் கூசன் சொல்லியனுப்ப, அருங்காட்சியகத்தைப் பார்த்துக்கொண்ட மார்ஜரி கோர்ட்னி-லாட்டிமர் போனார். சுறா, திருக்கைக் குவியலுக்கு அடியில் ஒரு நீலத் துடுப்பு நீட்டிக்கொண்டிருந்தது. இழுத்துப் பார்த்தால் ஒன்றரை மீட்டர், 57 கிலோ, கை மாதிரி சதைப்பிடிப்பான துடுப்புகள். டாக்ஸிக்காரர் ஏற்ற மாட்டேன் என்றார். பிணவறையும் இடம் தரவில்லை. டிசம்பர் வெயிலில் மீன் அழுக ஆரம்பித்தது. கடைசியில் செத்த விலங்குகளைப் பதப்படுத்திப் பாடம் செய்பவரிடம் கொடுத்துத் தோலைக் காப்பாற்றினார், உள்ளுறுப்புகள் போய்விட்டன. அவர் வரைந்து அனுப்பிய ஓவியத்தைப் பார்த்துத்தான் பேராசிரியர் ஜே. எல். பி. ஸ்மித்துக்குச் சந்தேகம் தட்டியது. 1939 பிப்ரவரியில் நேரில் வந்து உறுதி செய்தார். அந்த அம்மா பேரையும் ஆற்றின் பேரையும் சேர்த்துத்தான் லாட்டிமேரியா சலும்னே என்று பெயர் வைத்தார்.

பையன் கவனிக்க வேண்டிய இடம் இது. இந்த மீன் வகையின் கடைசிப் புதைபடிவம் 6.6 கோடி வருஷத்துக்கு முந்தையது. பிறகு ஏன் தடயமே இல்லை? ஆழ்கடலின் செங்குத்தான பாறைச் சரிவுகளில், பகலில் குகைக்குள் ஒண்டிக் கிடக்கிற மீன் இது. அந்த மாதிரி ஆழ்கடல் தரையில் படிந்த பாறை நம் கைக்கு வருவது அபூர்வம், அதனால் புதைபடிவமும் கிடைப்பதில்லை. செவுளால் மூச்சு விடுவதால் மேலே வர வேண்டிய அவசியமும் இல்லை.

பிளீசியோசார் கதை வேறு. அது ஊர்வன இனம், நுரையீரல் உள்ளது. மூச்சுக்கு மேலே வந்தே தீர வேண்டும், அதுவும் தினமும் பலமுறை. ஹோவிக் மடுவைச் சுற்றிச் சுற்றுலாக்காரர் நிற்காத நாள் உண்டா? ஒரே ஒரு விலங்கு கோடிக்கணக்கான வருஷம் உயிரோடு இருக்காது, குட்டி போட்டுத் தலைமுறை தலைமுறையாகப் பெருக ஒரு கூட்டம் வேண்டும். அவ்வளவுக்கும் அந்த மடுவில் தீனி ஏது? லாக் நெஸ்ஸோ சுமார் 10,000 வருஷத்துக்கு முன்புவரை பனிக்கட்டிக்கு அடியில் கிடந்த பள்ளம். 2018இல் அந்த ஏரித் தண்ணீரை எடுத்து அதிலிருந்த மரபணுவைச் சோதித்தார்கள். ஊர்வனவற்றின் சுவடே இல்லை, விலாங்கு மீனின் மரபணுதான் எங்கு பார்த்தாலும்.

கடல் விலங்கு ஆற்றில் எப்படி வாழும் என்று சிலர் மடக்குவார்கள். அந்த வாதத்தைப் பையன் எடுக்க வேண்டாம். நன்னீர்ப் பாறைகளிலும் பிளீசியோசார் எலும்பு கிடைத்திருக்கிறது.

தென்கரை வலைக்காரர்:
வாத்தியார் ஐயா விலாங்கு என்று சொன்னதால் வருகிறேன். எங்கள் குடும்பம் தாத்தா காலத்திலிருந்து கரைவலை இழுப்பது. தங்கச்சி, ஹோவிக்கில் அருவியாக விழுகிற உம்கேனி ஆற்றில் உண்மையிலேயே ஒரு அதிசயம் உண்டு, அதைப் பையனிடம் சொல்லுங்கள். நம் ஆற்று விலாங்குகள் பிறப்பது இந்தியப் பெருங்கடலில், மடகாஸ்கர் பக்கம். விரல் நீளக் குஞ்சுகளாக ஆற்று வாய்க்குள் நுழைந்து, ஈரப் பாறையில் வயிற்றை ஒட்டிக்கொண்டு செங்குத்தாக ஏறும். பல வருஷம் ஆற்றில் வளர்ந்து, முட்டையிட மறுபடி கடலுக்கே போகும். புள்ளி விலாங்கு இரண்டு மீட்டர் வரை வளரும். கலங்கின தண்ணீரில் அது புரண்டால் பார்ப்பவருக்கு நெஞ்சு ஒருமுறை நின்றுதான் துடிக்கும்.

இன்னொன்று. சீலகாந்த் தூர தேசத்துச் சமாச்சாரம் இல்லை. 2000இல் சொட்வானா விரிகுடாவில் 100 மீட்டருக்குக் கீழே முக்குளிப்பவர்கள் உயிரோடு பார்த்தார்கள். 2019இல் எங்கள் உம்சும்பே கடலில், 70 மீட்டர் ஆழத்தில் ஒன்று. நாங்கள் மீன் பிடிக்கிற அதே கடல்!

டொங்காட் அம்மா:
வாத்தியார் ஐயாவுக்கும் அண்ணனுக்கும் ரொம்ப நன்றி. எல்லாவற்றையும் படித்துக் காட்டினேன். உடனே அடுத்த கேள்வி: நம் நாட்டில் பிளீசியோசார் எப்போதாவது இருந்ததா? ஜூலு அக்காவிடம் என்ன சொல்வது என்றும் யாராவது சொல்லுங்கள்.

ஈஸ்ட் லண்டன் வாத்தியார்:
இருந்தது. கிழக்கு கேப்பில், போர்ட் எலிசபெத் பக்கத்து ஸ்வார்ட்கோப்ஸில் எலும்பு கிடைத்து, 1911லேயே அதைப் பற்றி எழுதிவிட்டார்கள். லெப்டோகிளைடஸ் என்ற சிறிய இனம்.

அக்காவிடம் வாதம் எதற்கு, தங்கச்சி? இன்கன்யாம்பா மழையோடும் காற்றோடும் சேர்ந்த அவர்கள் முன்னோர் வழக்கு. அதைப் பிளீசியோசார் என்று நாம்தான் மாற்றிப் பேசுகிறோம், அவர்கள் அப்படிச் சொல்லவே இல்லை. பையன் அக்காவிடமே உட்கார்ந்து முழுக் கதையையும் கேட்டு எழுதட்டும். வகுப்பில் முதலில் அதைச் சொல்லிவிட்டு, பிறகு எலும்புக்கும் மூச்சுக்கும் வரட்டும். பள்ளி விடுமுறையில் இங்கே கூட்டி வாருங்கள். மார்ஜரி அம்மா காப்பாற்றிய அதே மீன் எங்கள் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. துடுப்பைக் கிட்டப் போய்ப் பார்க்கச் சொல்லுங்கள்.